நாவில் இருந்த நாடு
(மனோரமாவின் கலைவாழ்வு குறித்து ஈப்போவில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



இந்த மேடையில் இதுவரை பேசியவர்கள் திருக்குறளைப் பற்றியும் சிலப்பதிகாரத்தைப் பற்றியும் திருமுறைகளைப் பற்றியும் பேசியிருக்கிறார்கள் என்பதை நான் அறியாதவன் அல்லன். ஆகவே, இவ்வருஷத்துச் சொற்பொழிவுக்கு ஒரு சினிமா நடிகையை, அதிலும் கதாநாயகியாக நிலைபெறாத ஒரு நடிகையைப் பொருளாக எடுத்துக்கொள்கிறேன் என்று நான் தெரிவித்தபோது, அறக்கட்டளைக் குழுவின் காரியதரிசி தொலைபேசியில் சிறிது நேரம் மௌனமாக இருந்துவிட்டு, "ஐயா, தலைப்பை அப்படியே அச்சிட்டுவிடலாமா?" என்று கேட்டதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. அச்சிடலாம் என்றேன். அவரும் அச்சிட்டுவிட்டார். அந்தத் துணிவுக்கு முதலில் அவருக்கு என் நன்றி.

எனக்குச் சாட்சியாக நான் அழைப்பது இளங்கோவடிகளையேதான். அரங்கேற்று காதையில் மாதவி மேடையேறுமுன், அவளுக்கு ஆடல் பயிற்றியவன் எப்படிப்பட்டவன், இசை பயிற்றியவன் எப்படிப்பட்டவன், பாட்டு இயற்றியவன் யார், தண்ணுமை முழக்கியவன் யார், குழல் ஊதியவன் யார், யாழ் மீட்டியவன் யார் என்று ஒவ்வொருவருடைய தகுதியையும் அந்தத் துறவி பொறுமையாக எடுத்துச் சொல்லிவிட்டு, அதற்குப் பிறகே ஆடுபவளிடம் வருகிறார். அவசரக்கார வாசகன் தாண்டிப் போகிற அந்த அடிகளில், மேடையின் நடுவில் நிற்பவரை மட்டும் பார்ப்பவன் கலையைப் பார்த்தவன் ஆகமாட்டான் என்ற ஒரு பழைய தமிழ் அபிப்பிராயம் ஒளிந்து கிடப்பதாகவே எனக்குத் தோன்றும். பக்கத்தில் நின்றவர்களைப் பற்றிப் பேச நமக்கு அத்தனை பழைய அனுமதி இருக்கிறது.

சினிமாக்காரர்களின் பாஷையில் 'துணை நடிகை' என்றால் கூட்டத்தில் ஒருத்தியாக நிற்பவள் என்று அர்த்தம். அந்த அர்த்தம் வந்துவிடக்கூடாதே என்பதற்காக, பெயரும் குணமும் உடைய பாத்திரங்களை ஏற்பவர்களுக்குக் 'குணச்சித்திர நடிகை' என்று ஒரு கௌரவமான பெயர் வைத்தார்கள். குணத்தைச் சித்திரமாக எழுதுகிறவள் என்று விரித்துப் பார்த்தால் அழகான பெயர்தான். ஆனால் நடைமுறையில் அதற்குக் கிடைத்த பொருள், சுவரொட்டியில் முகம் பெரிதாக வராதவள் என்பதே. ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்களில் நடித்துக் கின்னஸ் நூலில் இடம்பெற்ற மனோரமாவின் முகம், அந்த ஆயிரத்தில் எத்தனை சுவரொட்டிகளில் பெரிதாக வந்தது என்று எண்ணினால், விரல்கள் மிச்சமாகும்.

அவர் 1937ஆம் வருஷம் மே மாதம் 26ஆம் தேதி மன்னார்குடியில் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் கோபிசாந்தா. தகப்பனார் தம் மனைவியின் தங்கையையே இரண்டாந்தாரமாக மணந்துகொண்டதனால், தாய் இராமாமிர்தம் கைக்குழந்தையோடு செட்டிநாட்டுப் பள்ளத்தூருக்குப் போய்ச் சேர்ந்து, பலகாரம் சுட்டு விற்றுப் பிழைத்தார். இந்த இடத்தில் பேராக் மாநிலத்தில் இருக்கிற நாம் சற்று நிற்க வேண்டும். பள்ளத்தூர் நகரத்தார் ஊர். அவ்வூர் போன்ற ஊர்களில், தேக்குத் தூண்களும் பளிங்குத் தரையும் உடைய மாளிகைகள் எழுந்தது பர்மாவிலும் மலாயாவிலும் வட்டிக் கடைகளிலிருந்தும் தோட்டங்களிலிருந்தும் போன பணத்தினாலே என்பது நமக்கெல்லாம் தெரியும். 1877இல் கோலக்கங்சாரில் ஊன்றிய ஒன்பது கன்றுகளில் தொடங்கி இம்மாநிலம் முழுவதும் காடாகப் பரவிய ரப்பர் பால்மரம், ஆயிரம் மைலுக்கு அப்பால் ஒரு தெருவில் மாளிகை எழுப்பிற்று. அந்தத் தெருவில் பலகாரம் விற்ற ஒருத்தியின் பெண், பிற்காலத்தில் அதே பால்மரத்தடியில் படுதா கட்டிக் காட்டிய படத்தில் நமக்குச் சிரிப்பு மூட்டினாள். செட்டிநாட்டுப் பேச்சு அவர் நாவில் ஏறியதும், 'ஆச்சி' என்ற பெயர் கடைசிவரை அவரை விட்டு நீங்காததும் அந்தத் தெருவின் உபயமே.

பன்னிரண்டு வயதில் நாடகத்துக்கு வந்தார். கோபிசாந்தா மனோரமா ஆனது நாடகக்காரர்கள் கையில். எஸ்.எஸ். ராஜேந்திரனுடைய நாடக மன்றத்தில், கருணாநிதி எழுதிய 'மணிமகுடம்' போன்ற நாடகங்களில் நடித்துப் பெயர் வாங்கினார். அண்ணாதுரை, கருணாநிதி ஆகியோருடன் மேடையிலும், எம்.ஜி.ஆர், ஜெயலலிதா, என்.டி. ராமராவ் ஆகியோருடன் திரையிலும் நடித்ததனால், ஐந்து முதலமைச்சர்களோடு நடித்தவர் என்று அவரைச் சொல்வதுண்டு. மேடைகளில் அவரை அறிமுகம் செய்கிறவர்களுக்கு மிகவும் பிரியமான வாக்கியம் அது. எனக்கு அதில் பெரிய ஈடுபாடில்லை. முதலமைச்சர்கள் வந்து போவார்கள்.

1958இல் கண்ணதாசன் தாமே தயாரித்த 'மாலையிட்ட மங்கை'யில் ஒரு நகைச்சுவைப் பாத்திரத்தைக் கொடுத்து அவரைத் திரைக்குக் கொண்டுவந்தார். நாடகத்தில் கதாநாயகியாக இருந்தவருக்கு அது மனத்துக்குச் சற்றுக் கசப்பாகவே இருந்திருக்கும். ஆனால், கதாநாயகியாகவே வந்திருந்தால் நாலைந்து வருஷத்தில் காணாமற் போயிருப்பேன், கவிஞர்தாம் என்னிடம் இருந்த நகைச்சுவையைக் கண்டுகொண்டார் என்ற பொருளில் பின்னாளில் பேட்டிகளில் நன்றியோடு சொல்லி வந்தார். 1963இல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்தார். அந்தப் பாதை நீளவில்லை. 1964இல் நடந்த திருமணமும் நீளவில்லை. ஒரு மகனைத் தனியாக வளர்த்தார். தாய்க்கு நேர்ந்தது மகளுக்கும் நேர்ந்தது என்பதற்கு மேல் அதைப் பற்றிப் பேசுவது இந்த மேடைக்கு உரியதன்று.

அவருக்கு முன்னால் தமிழ்ப் படத்தில் சிரிக்க வைத்த பெண்கள் இல்லாமலில்லை. டி.ஏ. மதுரம் இருந்தார், சி.டி. ராஜகாந்தம் இருந்தார், அங்கமுத்து, டி.பி. முத்துலட்சுமி, எம். சரோஜா ஆகியோரும் இருந்தார்கள். ஆனால் இவர்களில் பெரும்பாலோரை நாம் எப்படி ஞாபகம் வைத்திருக்கிறோம்? மதுரம் என்றால் என்.எஸ். கிருஷ்ணன், ராஜகாந்தம் என்றால் காளி என். ரத்தினம், சரோஜா என்றால் தங்கவேலு. சிரிப்பு என்பது ஜோடி வியாபாரமாக இருந்தது, கடைப் பலகையில் ஆண்மகன் பெயர் முதலில் இருந்தது. மனோரமாவும் அவ்வழியில்தான் தொடங்கினார். நாகேஷுக்கு ஜோடி, பிறகு சோவுக்கு, தேங்காய் சீனிவாசனுக்கு, சுருளிராஜனுக்கு என்று ஒரு தலைமுறை முழுவதற்கும் ஜோடியானார். கவனித்தால் ஒரு விசேஷம் தெரியும்: ஜோடிகள் மாறிக்கொண்டே இருக்க, மாறாமல் நின்றவர் இவர். எந்த ஆண்மகனுடைய பெயரையும் சேர்க்காமல் தனியே சொன்னால் போதும், சிரிப்பு வரும் என்ற ஸ்தானத்தை ஒரு பெண் அடைந்தது அப்போதுதான்.

இனி, நான் எதற்காக இந்தப் பொருளை எடுத்தேனோ அதற்கு வருகிறேன்.

வடமொழி நாடகத்தில் அரசன் சம்ஸ்கிருதம் பேசுவான். பெண்களும் விதூஷகனும் பிராகிருதம் பேசுவார்கள் என்பது விதி. நம்முடைய ஐம்பதுகளின் படங்களை நினைத்துப் பார்த்தால் ஏறக்குறைய அதே விதி நடைமுறையில் இருந்ததைக் காணலாம். நாயகன் அடுக்குமொழியில் செந்தமிழ் முழங்குவான். நாயகியும் அவனுக்குச் சமமாக முழங்க முயலுவாள். 1942இல் 'கண்ணகி'யாகவும் 1954இல் 'மனோகரா'வின் தாயாகவும் நடித்த கண்ணாம்பா, ஆந்திர தேசத்தில் பிறந்தும், அந்த உயர்தமிழை இடிபோல் உச்சரித்துத் தமிழர்களையே நாணச் செய்தார். அவர் பேசிய தமிழை யாருடைய வீட்டிலும் யாரும் பேசவில்லை என்பதுதான் அதன் மகிமையும் குறையும். வீட்டுத் தமிழ் எங்கே இருந்தது? வேலைக்காரியின் வாயில், பால்காரியின் வாயில், மாமியாரின் வாயில், அசட்டுத் தங்கையின் வாயில் இருந்தது. அதாவது, குணச்சித்திரக்காரர்களிடம் இருந்தது. தொண்டை நாட்டுத் தமிழ், சோழ நாட்டுத் தமிழ், பாண்டி நாட்டுத் தமிழ், கொங்குத் தமிழ் என்று எத்தனை நாடுகள் உண்டோ அத்தனை நாடுகளும் பிரதான பாத்திரங்களால் கைவிடப்பட்டு, பக்கத்தில் நின்றவர்களின் நாவில் வந்து குடியேறியிருந்தன.

மனோரமாவின் நாவில் குடியேறியவை அநேகம். 1967இல் பாலசந்தரின் 'அனுபவி ராஜா அனுபவி'யில் நாகேஷோடு தூத்துக்குடிப் பேச்சு; அடுத்த வருஷம் 'பொம்மலாட்ட'த்தில் சென்னைக் கொச்சை, அதில் ஒரு பாட்டையும் தாமே பாடி ஊரைக் கலக்கினார்; பிறகு அக்கிரகாரத்துப் பேச்சு, கோயமுத்தூர்ப் பேச்சு, செட்டிநாட்டுப் பேச்சு. ஒவ்வொரு நாட்டுப் பேச்சும் வெறும் சொற்களின் மாற்றமன்று, மூச்சை எங்கே விடுவது, வாக்கியத்தின் கடைசியை உயர்த்துவதா இழுப்பதா, முந்தானையை எந்தச் சொல்லில் இழுத்துச் செருகுவது என்பதெல்லாம் சேர்ந்த சரீர வித்தை. இரண்டு வார்த்தைகளை மாற்றிப் போட்டுவிட்டு வட்டார வழக்கு என்று சொல்லிக்கொள்கிற நடிகர்கள் இன்றைக்கும் உண்டு. அவர்களையும் இவரையும் அருகருகே வைத்துக் கேட்டால் வித்தியாசம் விளங்கிவிடும்.

சுங்கை சிப்புட்டுக்கு அப்பால் கித்தா என்று நாங்கள் சொல்லும் ரப்பர்த் தோட்டம் ஒன்றின் லயத்தில் பிறந்தவன் நான். எங்கள் லயத்தில் வட ஆற்காட்டுக் குடும்பம் இருந்தது, சேலத்துக் குடும்பம் இருந்தது, திருச்சி, தஞ்சாவூர்க் குடும்பங்கள் இருந்தன. நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பலேறிப் பினாங்கில் இறங்கியவர்களின் மக்கள் எல்லாரும். 1938ஆம் வருஷம் தோட்ட வேலைக்கு மலாயாவுக்கு ஆள் வருவதை இந்திய அரசாங்கம் தடுத்துவிட்டது. அந்தத் தடையினால் கூலி விவகாரத்தில் நேர்ந்த மாறுதல்களைப் பற்றிச் சரித்திரக்காரர்கள் நிறைய எழுதியிருக்கிறார்கள். பாஷை விஷயத்தில் நேர்ந்ததைப் பற்றி எழுதியவர்கள் குறைவு. புதிதாக ஆள் வருவது நின்றதும் புதிதாகச் சொல் வருவதும் நின்றது. பெரட்டுக் களத்திலும் பால் ஸ்டோரிலும் ஆயாக் கொட்டகையிலும் ஒருவரோடொருவர் பேசிப் பேசி, எல்லா நாட்டுத் தமிழும் கூழாங்கல்லைப் போல உருண்டு, ஒரே மாதிரியான ஒரு தோட்டத்துத் தமிழாயிற்று. நாங்கள் காலையில் பசியாறினோம், பால் பிடிக்கும் மங்கைத் துடைத்தோம், கம்பத்துக்குப் போய் வந்தோம். எங்கள் தமிழில் ஊர் இல்லை. ஊர் இருந்தது கிழவிகளிடம் மட்டும்.

சம்பளம் போட்ட வாரத்திலோ மாரியம்மன் திருவிழாவிலோ லோரியில் படக்காரர் வருவார். திடலில் இரண்டு கம்பம் நட்டு வெள்ளைத் துணி கட்டுவார். ஒரே ஒரு இயந்திரம். ஆகவே ஒவ்வொரு ரீலும் முடிந்தவுடன் கச்சான் விற்பவனுக்குக் கால் மணி நேர வியாபாரம். முன்பக்கம் இடம் கிடைக்காத பிள்ளைகள் துணிக்குப் பின்னால் உட்கார்ந்து பார்ப்போம். அங்கிருந்து பார்த்தால் சிவாஜி கணேசன் இடக்கையால் சாப்பிடுவார், பத்மினி முந்தானையை வலப்பக்கம் போட்டிருப்பார், எழுத்துகளெல்லாம் திரும்பி நிற்கும். குரல் மட்டும் திரும்பாது. அந்தப் பின்பக்கத்து ரசிகர்களுக்கு மனோரமா ஒருவரே முழுசாகக் கிடைத்த நடிகை என்று நான் விளையாட்டாகச் சொல்வதுண்டு.

படம் முடிந்த மறுநாள் குழாயடியில் ஒரு வழக்கு நடந்தது இன்னும் என் காதில் இருக்கிறது. என் அப்பாயி மன்னார்குடிப் பக்கத்துக்காரி. "அவ எங்கூருப் புள்ளதான்டி, 'செத்த இரு'ன்னு சொல்றா பாரு, அது வேற எவ வாயிலடி வரும்?" என்று அவள் தொடங்கினாள். எதிர் லயத்துச் சேலத்துக் கிழவி விடவில்லை. "அக்கட்டால போ ஆயா! போன மாசத்துப் படத்துல 'அக்கட்டால'ன்னு சொன்னாளே, அது எங்கூருப் பேச்சு. அவ எங்க பக்கத்துக்காரி" என்று குடத்தை இறக்கி வைத்துவிட்டு வாதாடினாள். இருவருக்கும் நடுவில் குடத்தோடு நின்ற என்னிடம் தீர்ப்புக் கேட்டார்கள். பள்ளிக்கூடத்தில் படிக்கிறவன் என்பதால் எனக்குத் தெரிந்திருக்கும் என்று நம்பிக்கை. அவ்வழியே போன தோட்ட எழுத்தரான யாழ்ப்பாணத்துக் கிராணியார் இரு தரப்பையும் கேட்டுவிட்டு, "அவ எங்கட கதை மட்டும் கதைக்கேல்லை" என்று மெய்யான வருத்தத்தோடு சொல்லிச் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனார்.

பிறகு கணக்குப் பார்த்தால் அப்பாயி சொன்னதுதான் உண்மை, மன்னார்குடிக்காரிதான். ஆனால் அந்தச் சேலத்துக் கிழவி தோற்றுப்போனாள் என்று நான் இன்றுவரை ஒப்புக்கொள்ளத் தயாராக இல்லை. கப்பலேறியதற்குப் பின் தன் சொந்த ஊர்ச் சொல்லைத் தன் வயதொத்த இன்னொருத்தி வாயில் கேளாத ஒருத்திக்கு, ஒரு துணித் திரையிலிருந்து அந்தச் சொல் வந்து விழுந்தால், சொன்னவள் எவ்வூரில் பிறந்தாள் என்ற ஆராய்ச்சி எதற்கு? நடிப்பின் வெற்றியை அளப்பதற்குப் பல அளவுகோல்கள் உண்டு. குழாயடியில் இரண்டு மாவட்டங்கள் ஒரு நடிகைக்கு உரிமை கொண்டாடியதைவிடச் சிறந்த அளவுகோலை நான் காணவில்லை.

'தில்லானா மோகனாம்பாள்' 1968இல் வெளிவந்தது. எங்கள் திடலுக்கு அது வந்து சேரச் சில வருஷங்கள் ஆயின. கொத்தமங்கலம் சுப்பு ஆனந்த விகடனில் தொடராக எழுதியதை ஏ.பி. நாகராஜன் படமாக்கினார். நாயனக்காரர் சிக்கல் சண்முகசுந்தரமாகச் சிவாஜி, மோகனாவாகப் பத்மினி, தவில்காரராக டி.எஸ். பாலையா, சவடால் வைத்தியாக நாகேஷ், வடிவாம்பாளாக சி.கே. சரஸ்வதி. இவ்வளவு பேர் ஒருவரை ஒருவர் விழுங்கப் பார்க்கிற ஒரு படத்தில், நெடுநேரம் கழித்து வந்து, சில காட்சிகளோடு போய்விடுகிற ஜில் ஜில் ரமாமணி என்ற நாடகக்காரியை, பார்த்தவர்கள் யாரும் மறப்பதில்லை. தன் பெருமையைத் தானே பேசிக்கொண்டு, நாக்கைச் சுழற்றிக்கொண்டு, ஒரு காலைத் தரையிலும் ஒரு காலை மேடையிலும் வைத்தவள்போல நடக்கிற அவளை நாம் முதலில் கேலியாகத்தான் பார்க்கிறோம். படமும் அப்படித்தான் பார்க்கச் சொல்கிறது.

அப்போது அவள் நாயனக்காரரிடம், அந்தச் சத்தம் உங்கள் நாயனத்தில்தான் வருகிறதா, எல்லார் நாயனத்திலும் வருமா என்ற கருத்தில் ஒரு அசட்டுக் கேள்வி கேட்கிறாள். ஜனங்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பிற்காலத்தில் ஆசிரியனாகிப் பிள்ளைகளுக்கு இலக்கியம் சொல்லிக்கொடுக்க நேர்ந்தபோதுதான், அந்தக் கேள்வியைவிடப் பெரிய பாராட்டை ஒரு வித்துவானுக்கு யாரும் தரமுடியாது என்பது எனக்கு உறைத்தது. சாஸ்திரம் தெரிந்தவன் ராகத்தின் பெயரைச் சொல்லிப் பாராட்டுவான். அவளுக்கு ராகத்தின் பெயர் தெரியாது. தான் கேட்டது இதுவரை கேட்டறியாத ஒன்று என்பது மட்டும் தெரியும். அசட்டுத்தனத்துக்குள் ஒரு உண்மையான ரசிகையின் திகைப்பை ஒளித்துவைத்து, அசட்டுத்தனத்தையும் கெடுக்காமல், திகைப்பையும் கொட்டிவிடாமல் அந்த வாக்கியத்தை மனோரமா சொன்னார். ஊர் ஊராகக் கூடாரம் தூக்கிக்கொண்டு திரியும் நாடகக்காரியின் பெருமிதமும் அவமானமும் அவருக்குப் பாடம் பண்ணத் தேவையில்லாதவை. பன்னிரண்டு வயதிலிருந்து அவர் வாழ்ந்தது அதுதானே. தொல்காப்பியர் மெய்ப்பாடுகளை வரிசைப்படுத்தும்போது நகையை முதலில் வைத்து, அதற்கடுத்து அழுகையையும், அதற்கடுத்து இளிவரலையும் வைத்தார். இளிவரல் என்றால் இழிவுபட்டபோது மனத்தில் எழுவது. இந்த மூன்றும் ஏன் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்கின்றன என்று எவனாவது மாணவன் கேட்டால், உரையாசிரியர்களிடம் போகுமுன் அந்த நாலைந்து காட்சிகளைப் பார்த்து வா என்பேன்.

எழுபதுகளில் எங்கள் தோட்டம் கைமாறிற்று. கித்தா மரங்களைச் சாய்த்துச் செம்பனை நட்டார்கள். செம்பனைக்கு அத்தனை கைகள் வேண்டியதில்லை. எங்கள் குடும்பம் இரண்டு தகரப் பெட்டிகளோடு ஈப்போவில் புந்தோங்குக்கு வந்து சேர்ந்தது. அப்பாயி அந்த மாற்றத்தை நெடுநாள் தாங்கவில்லை. திடலும் துணித் திரையும் போய், முதலில் அண்டை வீட்டுத் தொலைக்காட்சி, பிறகு வாடகைக்கு எடுத்து வரும் வீடியோ நாடா, 1996க்குப் பிறகு ஆஸ்ட்ரோ விண்கோள் ஒளிபரப்பு என்று திரை சுருங்கிச் சுருங்கி வீட்டுக்குள் வந்தது. அதே காலத்தில் மனோரமாவும் வேறொரு இடத்துக்குக் குடிபெயர்ந்தார்: நகைச்சுவையிலிருந்து தாய்க்கு.

தாய் வேஷம் என்பது தமிழ்ப் படத்தில் நடிகைகளின் முதியோர் இல்லம். 1952இல் 'பராசக்தி'யில் சிவாஜியின் காதலியாக வந்த பண்டரிபாய், 1969இல் 'தெய்வ மக'னில் அவருக்கே தாயானார். இருவரும் ஏறக்குறைய ஒரே வயதினர். இவ்விஷயத்தில் ஆண்மக்களுக்கு ஒரு காலக்கணக்கு, பெண்மக்களுக்கு ஒரு காலக்கணக்கு. மலாய்ப் படங்களில் இந்தத் தாய் வேஷம் இன்னும் சுவையாக இருந்தது என்பது என் எண்ணம். 1962இல் பி. ரம்லி இயக்கிய 'இபு மெர்த்துவாக்கு'வில், தன் மகள் பிரசவத்தில் இறந்துவிட்டாள் என்று மருமகனிடம் பொய் சொல்லும் மாமியாராக மாக் டாரா நடித்தார். எங்கள் பக்கத்து வீட்டு மலாய்க்காரப் பாட்டி அந்தப் பெயரைச் சொல்லும்போதே உதட்டைச் சுழிப்பாள். நடிகையைத் திட்டுவதைவிடப் பெரிய பரிசு வேறென்ன?

மனோரமா தாய் வேஷத்துக்குள் தம் நாவையும் எடுத்துக்கொண்டு போனார். அதுதான் அவரை மற்றத் தாய்மார்களிடமிருந்து பிரித்துக் காட்டியது. 1986இல் விசுவின் 'சம்சாரம் அது மின்சார'த்தில், சென்னைக் கொச்சை பேசும் வேலைக்காரி கண்ணம்மா, படித்தவர்கள் நிறைந்த ஒரு வீட்டில் நியாயம் தெரிந்த ஒரே ஆள்போல நிற்கிறாள். 1992இல் 'சின்ன கவுண்ட'ரில் பல்லைத் துருத்திக்கொண்டு வந்த கொங்கு நாட்டு ஆத்தா, அழகாகத் தெரியவேண்டும் என்ற ஆசையை ஒரு நடிகை எவ்வளவு தூரம் துறக்கமுடியும் என்பதற்கு அத்தாட்சி. 'சின்னத் தம்பி'யில் அவமானப்படுத்தப்படும் கைம்பெண், 'இந்திய'னில் இழப்பீட்டுத் தொகைக்காக அலுவலகம் அலுவலகமாக அலையும் ஏழை. 1990இல் 'நடிக'னில் மணமாகாமலே முதிர்ந்துபோன ஒரு பெண், கிழவேஷக்காரன் ஒருவன்மேல் ஆசை வைப்பதை அவர் செய்த விதத்தைப் பலரும் வெறும் கூத்தாகவே பார்த்தார்கள். எனக்கு அதில் சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. ஹிந்தியில் மெஹ்மூதோடு 'குன்வாரா பாப்' முதலாகப் பிற பாஷைகளிலும் நடித்தார். அவற்றில் அவர் கெட்டிக்காரியாகத் தெரிகிறாரே தவிர மனோரமாவாகத் தெரியவில்லை. நாடு இல்லாத இடத்தில் நா என்ன செய்யும்?

புகழ்ந்துகொண்டே போவது இந்த மேடைக்கு அழகன்று. ஆயிரம் படம் என்பது ஒரு சாதனை என்றால், அது ஒரு விரயமும்கூட. தொண்ணூறுகளின் பிற்பகுதியில், இரண்டு காட்சிக்கு வந்து உரக்க அழுதுவிட்டுப் போவதற்காகவே அவரை அழைத்தார்கள். அவரும் போனார், அழுதார். அந்த அழுகைகளில் பல, திறந்துவிட்ட குழாயைப் போன்றவை. சத்தம் மிகுந்தது, நிதானம் குறைந்தது. ஒரே ஒரு முணுமுணுப்பால் ரமாமணியை நம் நெஞ்சில் பதித்துவிட்டுப் போன கலைஞர்தானா இவர் என்று எனக்கே சில சமயம் கோபம் வந்ததுண்டு. ஆயிரத்தில், நின்று பார்க்கத்தக்கவை முப்பது தேறலாம் என்பது என் கணக்கு. முப்பதே போதும் என்பதும் என் கணக்குத்தான்.

விருதுகளைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். இந்தியாவில் தேசியத் திரைப்பட விருதுகள் ஐம்பதுகளிலேயே தொடங்கிவிட்டன. ஆனால் துணைப் பாத்திரம் ஏற்ற நடிகைக்கென்று ஒரு தேசிய விருது ஏற்பட்டது 1984ஆம் வருஷத்துப் படங்களிலிருந்துதான். ஏறக்குறைய முப்பது வருஷங்கள், பக்கத்தில் நிற்பவர்கள் அரசாங்கத்தின் கண்ணுக்குப் படவேயில்லை. ரமாமணிக்குத் தரவேண்டிய விருது 1968இல் உலகத்திலேயே இல்லாதிருந்தது. கடைசியில் பார்த்திபனின் முதற்படமான 'புதிய பாதை'யில் (1989) நடித்தமைக்கு அந்த விருது அவருக்குக் கிடைத்தது. திரைக்கு வந்து முப்பத்தொரு வருஷங்கள் கழிந்திருந்தன. 2002இல் பத்மஸ்ரீ வந்தது. ஹாலிவுட்டில் தெல்மா ரிட்டர் என்ற நடிகை துணைப் பாத்திரத்துக்காக ஆறு முறை ஆஸ்காருக்கு முன்மொழியப்பெற்று ஒரு முறையும் வாங்காமலே போனார் என்பதை நினைத்தால், நம்முடைய தாமதம் அவ்வளவு மோசமில்லை என்று சமாதானம் செய்துகொள்ளலாம்.

2015ஆம் வருஷம் அக்டோபர் 10ஆம் தேதி இரவு சென்னையில் அவர் காலமானார். மறுநாள் காலை புந்தோங்கில் நான் வழக்கமாகத் தேத்தண்ணீர் குடிக்கும் கடையில், பல்கலைக்கழகத்தில் படிக்கும் ஒரு பெண் தன் கைப்பேசியில் அவருடைய பழைய காட்சி ஒன்றை ஓடவிட்டுக்கொண்டிருந்தாள். நடுவில் நிறுத்தி, "ஐயா, 'செத்த இரு'ன்னா என்ன?" என்று என்னைக் கேட்டாள். கொஞ்ச நேரம் பொறு என்று அர்த்தம் என்றேன். "செத்துப் போறதோன்னு நெனச்சேன்" என்று சொல்லிச் சிரித்தாள். அவளுடைய கொள்ளுப்பாட்டியும் தஞ்சாவூர்க்காரிதான். எனக்கு அந்தக் குடும்பத்தைத் தெரியும்.

பெரியோர்களே, இன்னும் சில கிழவிகள் இருக்கிறார்கள். கப்பலில் வந்தவர்கள் போய்விட்டார்கள். கப்பலில் வந்தவர்கள் மடியில் வளர்ந்தவர்கள், எண்பதும் தொண்ணூறுமாக, சுங்கை சிப்புட்டிலும் பீடோரிலும் பாகான் டத்தோவிலும் ஆயர் தாவாரிலும் அடுக்குமாடி வீடுகளின் முதல் மாடியில், படியிறங்க முடியாமல் உட்கார்ந்திருக்கிறார்கள். மனோரமா நாவில் வைத்திருந்த நாடுகளுள் ஏதோ ஒன்று அவர்கள் ஒவ்வொருவரிடமும் மிச்சமிருக்கிறது. இன்றைக்குப் பேசியதற்காக எனக்கென்று இக்குழுவினர் ஒதுக்கியிருக்கும் சன்மானத்தை நான் வாங்கிக்கொள்ளப் போவதில்லை. அதைக்கொண்டு நல்லதாக ஓர் ஒலிப்பதிவுக் கருவி வாங்கி, இந்த மண்டபத்தில் இருக்கும் கல்லூரிப் பிள்ளைகளில் நால்வரிடம் கொடுக்குமாறு குழுவினரைக் கேட்டுக்கொள்கிறேன். யார் வீட்டுக்கு முதலில் போவது என்று அந்த நால்வரும் கேட்டால், கூட்டம் கலைவதற்குள் என்னிடம் வரட்டும். இரண்டு பெயர்கள் எழுதிச் சட்டைப் பையில் வைத்திருக்கிறேன்.